வேடம் தேவைப்படாதவள்

போன மாதம் நாம் எல்லாரும் கூடிய அன்று, சாப்பாடு முடிந்ததும் உங்களில் ஒருவர் எழுந்து நின்றார். தோள்துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு, குரலை மூக்குக்கு ஏற்றி, "அம்மா, நான் எதுக்கல, நான் எதுக்கல" என்று அந்த வேலைக்காரியை நடித்துக் காட்டினார். சைகோனில் நாம் சிறுபிள்ளைகளாக இருந்தபோது போட்ட நாடகம். இத்தனை வருடம் கழித்தும் வசனம் மறக்கவில்லையே என்று எல்லாரும் சிரித்தோம், கைதட்டினோம். நானும் தட்டினேன். அன்றிலிருந்து எனக்கு ஒரே எரிச்சல். பாதி உங்கள் மேல், பாதி என் மேல்.

நினைவு மலருக்கு ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். மழைக்காலம், சைக்கிள் ரிக்‌ஷா, மாரியம்மன் கோயில் திருவிழா எல்லாவற்றையும் மற்றவர்கள் எழுதிவிட்டார்கள். நான் அந்த நாடகத்தைப் பற்றி எழுதுகிறேன். அதில் வேலைக்காரி வேடம் போட்டவளின் பெயர் அன்றைக்கு நம்மில் யாருக்கும் நினைவு வரவில்லை. எனக்கு நினைவிருந்தது, சொல்லவில்லை. இங்கேயும் எழுதப்போவதில்லை. அவள் பெயரைச் சொல்லும் உரிமை எனக்கு இல்லை என்று நினைக்கிறேன். ஏன் என்று படித்துப் பாருங்கள்.

அவள் எங்கள் வீட்டுச் சமையல்காரியின் மகள். சமையல்காரி அன்னாமியப் பெண், வியட்நாம் மண்ணிலேயே பிறந்தவள். அவளுடைய கணவர் நம் காரைக்கால் பக்கத்து ஆள், ஆற்றங்கரையில் ஒரு துணிக்கிடங்குக்குக் காவல்காரர். எங்கள் வீடு கோயிலுக்குப் பின்தெருவில் இருந்தது. என் அப்பா தபால் இலாகாவில் குமாஸ்தா. பிரெஞ்சுக் குடியுரிமை பெற்றவர். வேர்வை சொட்டச் சொட்ட வெள்ளைக் கோட்டு போட்டுக்கொண்டுதான் வேலைக்குப் போவார்.

எனக்கும் அவளுக்கும் ஒன்பது வயது. நான் பிரெஞ்சுக் கன்னியர் பள்ளியில் படித்தேன். அவள் எங்கும் படிக்கவில்லை. ஆனால் தமிழ் அவளுக்குத்தான் வந்தது. காவல்காரர் மகளை மடியில் வைத்துக்கொண்டு ஊர்ப் பேச்செல்லாம் பேசிப் பேசி வளர்த்திருந்தார். கோயிலில் கதை சொல்பவர் வந்தால் அவள் மதிலுக்கு வெளியே, காலணிகள் விடும் இடத்தில் உட்கார்ந்து கேட்பாள். உள்ளே வரக்கூடாது என்று யாரும் சொன்னதாக நினைவில்லை. உள்ளே வா என்றும் யாரும் சொன்னதில்லை.

மறுநாள் எங்கள் சமையலறை வாசலில் உட்கார்ந்து அந்தக் கதையைச் சொல்லுவாள். பாதியில் அவள் அம்மா ஊர்க் கதைகளும் வந்து சேர்ந்துகொள்ளும். கோயில் கதையின் கோட்டையைச் சுற்றி ஓடும் ஆற்றில் ஒரு முதலை இருக்கும். அது படகுக்காரியின் அரிசி மூட்டையைத் திருடும். "ஏன் தெரியுமா? அதுக்கு ஏழு குஞ்சு. ஏழும் பட்டினி" என்பாள். அவள் கதையில் யாரும் சும்மா திருடமாட்டார்கள். நான் மீன்சாறு வாசனைக்கு மூக்கைப் பிடித்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருப்பேன்.

கன்னியர் பள்ளியிலும் வருடா வருடம் நாடகம் உண்டு. ஏசு பிறந்த கதை. மூன்று ராஜாக்களில் கறுப்பு ராஜா வேடம் எப்போதும் எனக்குத்தான். ஒரு வசனமும் கிடையாது, கடைசியில் வந்து மண்டியிட வேண்டும். என் மகள் ராஜா வேடம் போடுகிறாள் என்று அப்பா எல்லாரிடமும் பெருமையாகச் சொல்லிக்கொள்வார். அவருக்குப் புரிந்ததா, புரிந்தும் அப்படிச் சொன்னாரா, இன்றுவரை எனக்குத் தெரியாது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சமையல்காரி எங்கள் இருவரையும் சந்தைக்கு என்று கூட்டிக்கொண்டு போய், சந்தைக்குப் பின்னால் நடந்த அன்னாமியப் பாட்டு நாடகத்துக்கு அழைத்துப் போனாள். மூங்கில் பெஞ்சு, பூசணி விதை கொறிக்கும் சத்தம், ஓலை விசிறிக் காற்று. இளவரசி அழுது பாடி முடித்ததும் ஒரு கோமாளி வந்தான். முகம் முழுக்கச் சட்டிக்கரி. வெள்ளை வேட்டி, பெரிய முண்டாசு, முதுகில் துணி மூட்டை. அவன் வாயைத் திறந்ததுமே கொட்டகை அதிர்ந்தது. நம் ஆட்கள் அன்னாமிய மொழியை எப்படிக் கடித்துத் துப்புவார்களோ அப்படியே பேசினான். பக்கத்தில் ஒருத்தி அழுத குழந்தையிடம், "அதோ பார், ச்சா வருது, பிடிச்சிட்டுப் போயிரும்" என்றாள். நம்மை அவர்கள் அப்படித்தான் சொல்வார்கள், உங்களுக்குத் தெரியும். மேடையில் மீன்காரி ஒருத்தி அந்தத் துணிக்காரனைச் செருப்பால் விரட்டி விரட்டி அடித்தாள்.

நான் சிரித்தேன். வயிறு வலிக்கச் சிரித்தேன். முன் பெஞ்சில் இருந்த ஒரு பையன் திரும்பி என்னையும் மேடையையும் மாறி மாறிக் காட்டிய பிறகுதான் நிறுத்தினேன். அவள் சிரிக்கவில்லை. "வேட்டிய இடப்பக்கம் சொருவியிருக்கான் பாரு. எங்கப்பா அப்படிக் கட்டமாட்டாரு" என்று மட்டும் சொன்னாள். அவள் அம்மா என் கன்னத்தைத் தொட்டு, "அது உங்கப்பா இல்ல கண்ணு. வெறும் நாடகம்" என்று தன் மொழியில் சொன்னாள். அவள் முகத்தில் ஒரு சங்கடம் இருந்தது. ஆனால் அவளும் சிரித்திருந்தாள்.

வீட்டுக்கு வந்து நான் சும்மா இருந்திருக்கலாம். சாயங்காலம் அப்பாவின் நண்பர்கள் வந்து கூடத்தில் உட்கார்ந்திருந்தார்கள். நான் அடுப்புக்கரியை முகத்தில் பூசிக்கொண்டு, அப்பாவின் வேட்டியைச் சுற்றிக்கொண்டு, தலையணையை முதுகில் வைத்துக்கொண்டு அவர்கள் நடுவே போய் அந்தக் கோமாளியைப் போலவே பேசிக் காட்டினேன். முதலில் ஒருவர் சிரித்தார். அப்பாவின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

"எங்க பாத்த இத?"

சொன்னேன்.

"யாரு கூட்டிட்டுப் போனது?"

அதையும் சொன்னேன்.

அப்பா சமையல்காரியைக் கூப்பிட்டுக் கூடத்தில் நிறுத்தினார். அவருக்கு அன்னாமிய மொழி நன்றாகத் தெரியும். ஆனால் அன்றைக்கு பிரெஞ்சில்தான் திட்டினார். அவளுக்கு அதில் நாலு வார்த்தைகூடப் புரிந்திருக்காது. தலையைக் குனிந்துகொண்டு ஒவ்வொரு வாக்கியத்துக்கும், ஆமாம் அய்யா என்ற பொருளில், "உய் மிசியே, உய் மிசியே" என்றாள். வேலையைவிட்டு அனுப்பவில்லை. அம்மாவுக்கு அப்போது உடம்பு முடியாமல் இருந்தது.

"நாம பிரெஞ்சுக் குடிமக்கள். நம்மள வச்சு இவன் சிரிக்கிறானா?" என்றார் அப்பா. "கவர்னர் ஆபீசுக்கு மனு எழுதணும்."

"மனு எதுக்கு? நாடகத்துக்கு நாடகம் போட்டுக் காட்டுவோம்" என்றார் சுங்க இலாகாவில் வேலை பார்த்த ஒரு மாமா. கவிதை எழுதுகிறவர். அவரை உங்கள் எல்லாருக்கும் நினைவிருக்கும், அந்த மீசைக்காக. "நம்ம குடும்பம்னா என்ன, நம்ம மானம் மரியாதைன்னா என்னன்னு பிள்ளைங்கள வச்சே காட்டலாம்."

பத்து நாளில் எழுதிக்கொண்டு வந்தார். சைகோனில் ஒரு நல்ல தமிழ்க் குடும்பம். அம்மா நோயாளி. அவளுடைய வைர மூக்குத்தி காணாமல் போகிறது. அன்னாமிய வேலைக்காரி திருடி அரிசிப் பானையில் ஒளித்துவிட்டு, விசுவாசமான தமிழ் வேலையாள் மேல் பழியைப் போடுகிறாள். வீட்டுப் பெண் தன் புத்தியால் கண்டுபிடிக்கிறாள். வேலைக்காரி வழுக்கி விழுவாள், தப்புத் தமிழ் பேசுவாள், கொண்டையைப் பிடித்து இழுக்கப்படுவாள். கரி பூசிய துணிக்காரனை எடுத்துவிட்டு அந்த இடத்தில் இவளை வைத்திருந்தார். இதில் என்ன பதில் இருக்கிறது என்று பெரியவர்கள் ஒருவர்கூடக் கேட்கவில்லை. பிரமாதம் என்றார்கள்.

வீட்டுப் பெண் வேடம் எனக்கு. வேலைக்காரி வேடம் யாருக்கு என்பதில்தான் சிக்கல். மாமாவின் சொந்த மகளே மாட்டேன் என்று அழுதாள். இன்னொரு பெண்ணின் அம்மா, "நாளைக்கு எம் பொண்ணுக்குக் கல்யாணம் ஆக வேணாமா?" என்று கேட்டார். அந்த நேரத்தில் சமையல்காரியின் மகள் காப்பித் தட்டோடு உள்ளே வந்தாள்.

"இந்தா இருக்கே!" என்றார் மாமா. "இதுக்கு வேஷமே வேண்டாம்."

எல்லாரும் சிரித்தார்கள். அவள் தட்டைக் கீழே வைத்தாள். "எனக்கா? மேடையிலயா?" என்று கேட்டாள். அவ்வளவு சந்தோஷம் அந்த முகத்தில். பிறகு, "வீட்டுப் பொண்ணு வேஷம் யாருக்கு மாமா?" என்றாள். என்னைக் காட்டினார்கள். சரி என்று தலையாட்டினாள்.

ஒத்திகையில் ஒரு வேடிக்கை நடந்தது. வேடிக்கை என்றுதான் அப்போது சொன்னார்கள். அவளுக்குத் தப்புத் தமிழ் வரவில்லை. மாமா எழுதிய கொச்சையை அவள் வாய் தானாகத் திருத்திவிடும்.

"எடுக்கல இல்ல, எதுக்கல. எங்க சொல்லு, எதுக்கல" என்று மாமா நாலு நாள் பாடம் நடத்தினார்.

"எடுக்கலன்னு சொன்னா என்ன மாமா?"

"சொன்னா எவனும் சிரிக்கமாட்டான்."

எனக்கோ நேர்மாறாக, பள்ளிக்கூட பிரெஞ்சு ஏறிய நாக்கில் 'ழ' நிற்கவில்லை. கடைசிக் காட்சியில் நான் கையை நீட்டிச் சொல்லவேண்டிய வசனம் இது: "தாயே, இவள் அழுகையை நம்பாதீர்கள்! இவள் கூட்டமே திருட்டுக் கூட்டம்!" நான் 'அளுகை' என்பேன், 'அரூகை' என்பேன். ஒத்திகை முடிந்ததும் கொல்லைப்புறக் குழாயடியில் என்னை நிற்கவைத்து அவள்தான் சொல்லிக்கொடுத்தாள். "நாக்க மடக்கி மேல தொடாம நிறுத்து. காத்து மட்டும் போவட்டும்." அந்த வசனம் யாரைப் பற்றியது என்று எங்கள் இருவருக்கும் தெரியும். ஆனால் அப்போது அது வெறும் 'ழ' எழுத்தாகத்தான் இருந்தது.

ஒரு நாள் கேட்டாள். "இந்தக் கதையில அவ ஏன் திருடுறா?"

"அவ கெட்டவ."

"ஏன் கெட்டவ?"

"கதை அப்படி."

அவளுக்கு அது போதவில்லை. மறுநாள் மாமாவிடமே போய், வேலைக்காரியின் அம்மாவுக்கும் காய்ச்சல், மருந்துக்காகத்தான் எடுத்தாள் என்று ஒரு வரி வைக்கலாமா என்று கேட்டாள். இந்த வீட்டு அம்மாவுக்கும் நோய், அந்த வீட்டு அம்மாவுக்கும் நோய், பார்க்கிறவர்களுக்கு இரண்டு பேர் மேலும் இரக்கம் வருமே என்றாள். ஒன்பது வயதுப் பிள்ளை. அந்த நாடகத்தில் அதைவிட நல்ல யோசனை வேறு கிடையாது.

"நீ நடிச்சாப் போதும். எழுதறது என் வேலை" என்றார் மாமா.

நான் பக்கத்தில்தான் நின்றேன். நல்லாத்தானே இருக்கு என்று ஒரு வார்த்தை நான் சொல்லியிருந்தால் கேட்டிருப்பாரோ என்னவோ. நான் அய்யா வீட்டுப் பெண். சொல்லவில்லை. என் வேடம் சின்னதாகிவிடும் என்று பயந்தேன்.

கோயிலை ஒட்டிய கொட்டகையில் ஒரு ஞாயிறு சாயங்காலம் நாலு மணிக்கு நாடகம். வெயில் கூரை ஓட்டைகள் வழியாக மேடையில் விழுந்துகொண்டிருந்தது. முன்னால் நாற்காலிகளில் நம் பெரியவர்கள். பள்ளிவாசல் தெருக் கடைக்காரர்கள் சிலரும் வந்திருந்தார்கள். கடைசியில் பாயில் அன்னாமியப் பெண்கள் பத்துப் பதினைந்து பேர். எல்லாரும் நம் ஆட்களின் மனைவிகள்தான். நம் வீடுகளில் அவர்கள் சமைத்தார்கள், பிள்ளை பெற்றார்கள்; நாற்காலி மட்டும் கிடைக்காது. அவர்களோடு எங்கள் சமையல்காரி. மகள் மேடை ஏறுகிறாள் என்று பட்டுச் சட்டை போட்டு, கொண்டையில் பூ வைத்துக்கொண்டு வந்திருந்தாள்.

நாடகம் தொடங்கியதும் சிரிப்புக்குக் குறைவில்லை. அவள் வழுக்கி விழுந்தாள், சிரித்தார்கள். "எதுக்கல" என்றாள், நாற்காலிகள் குலுங்கின. சமையல்காரிக்குத் தமிழ் அரைகுறையாகத்தான் புரியும். மற்றவர்கள் சிரிக்கும்போதெல்லாம் அவளும் சிரித்தாள். தன் பெண்ணுக்குத்தானே இத்தனை கைதட்டல் என்ற பூரிப்பு. அன்னாமிய வழக்கப்படி சாயமிட்ட கறுப்புப் பற்கள் தெரிய, விசிறியால் தொடையைத் தட்டிக்கொண்டு, எல்லாரையும்விட உரக்கச் சிரித்தாள். பாயில் அவளுக்குப் பக்கத்தில் இருந்த மற்றப் பெண்கள் கொஞ்சம் கொஞ்சமாக அமைதியாகிக்கொண்டிருந்ததை அவள் கவனிக்கவில்லை. மேடையிலிருந்து எனக்குத் தெரிந்தது. அவள் மகளுக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

கடைசிக் காட்சி. அரிசிப் பானையிலிருந்து தகரத்தாள் மூக்குத்தியை எடுத்துக் காட்டிவிட்டேன். விசுவாச வேலையாள் அவள் கொண்டையைப் பிடித்து இழுத்தான். கொட்டகை சிரித்தது. அவள் அம்மாவும் சிரித்தாள். இப்போது அவள் "நான் எதுக்கல" என்று அழ வேண்டும், பிறகு என் வசனம்.

அவள் தலையை விடுவித்துக்கொண்டாள். என்னைக் கடந்து மேடையின் விளிம்புக்கு நடந்தாள். கடைசிப் பாயைப் பார்த்து அன்னாமிய மொழியில், "மா, சிரிக்காத" என்றாள்.

கத்தவில்லை. வீட்டில் பேசுவதுபோலச் சொன்னாள். அந்த மொழி நம் ஆட்களில் பாதிப் பேருக்குப் புரியும். சத்தம் அடங்கிவிட்டது. அவள் அம்மாவின் சிரிப்பு மட்டும் ஒரு நொடி தனியாகக் கேட்டது. பிறகு அதுவும் நின்றது. விசிறி மேலேறி வாயை மறைத்துக்கொண்டது.

அவள் நாற்காலிகள் பக்கம் திரும்பினாள். "நான் எடுக்கல" என்றாள். நல்ல தமிழில், அவளுடைய அப்பா பேசும் தமிழில்.

யாரும் சிரிக்கவில்லை. மாமா எழுதியதிலேயே உண்மையான வசனம் அதுதான். அதையும் அவள் திருத்தித்தான் சொல்லவேண்டியிருந்தது. அங்கேயே திரையைப் போட்டிருந்தால்கூட ஏதோ நடந்திருக்கும். யாராவது எழுந்து வெளியே போயிருப்பார்கள், யாராவது யாரையாவது பார்த்திருப்பார்கள்.

பக்கவாட்டிலிருந்து மாமா பல்லைக் கடித்துக்கொண்டு, "உன் வசனம்! சொல்லு, சொல்லு!" என்றார்.

நான் கையை நீட்டினேன். "தாயே, இவள் அழுகையை நம்பாதீர்கள்! இவள் கூட்டமே திருட்டுக் கூட்டம்!" என்றேன். அவள் அழவே இல்லை. 'ழ' பிசகாமல் வந்தது.

கைதட்டினார்கள். பெருமூச்சு விட்டதுபோல ஒரு கைதட்டல். அதைத்தான் நாம் போன மாதம் மறுபடி தட்டினோம்.

முடிந்ததும் வந்தவர்களுக்குக் காப்பி கொடுக்க வேண்டியது சமையல்காரியின் பொறுப்பு. கொடுத்தாள். பட்டுச் சட்டையின் கையை மடித்துவிட்டுக்கொண்டு ஒவ்வொரு நாற்காலியாகப் போய்க் குனிந்து கொடுத்தாள். எடுத்துக்கொண்டார்கள். சுங்க மாமாவும் எடுத்துக்கொண்டார். சர்க்கரை குறைவு என்று சொன்னார்.

மறுநாள் சமையல்காரி வேலைக்கு வரவில்லை. காவல்காரர் வந்தார். முண்டாசை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு வாசலிலேயே நின்றார்.

"புள்ள வசனத்த மறந்துடுச்சுங்க. அய்யா மன்னிச்சிக்கணும்."

"பரவால்ல, சின்னப் பிள்ளைதானே" என்றார் அப்பா.

தன்னைப் பெரிய மனது படைத்தவராக நினைத்துக்கொண்டு அதைச் சொன்னார். நான் அவர் நாற்காலிக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தேன். அவ மறக்கல என்று சொல்லாமல் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டேன். காவல்காரர் என்னைப் பார்த்துச் சிரித்து, "நல்லா நடிச்சம்மா" என்றுவிட்டுப் போனார். சில நாளில் கிடங்கு வேலையை விட்டுவிட்டுக் குடும்பத்தோடு கடற்கரை ஊரான வுங் டாவுக்குப் போய்விட்டார், மனைவியின் அண்ணனுக்கு அங்கே படகு இருந்ததாம். நம் ஆட்கள், "பாத்தியா, கடைசியில அவங்களோடயே போயிட்டான்" என்று பேசிக்கொண்டார்கள். நாம்தான் அனுப்பினோம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

இரண்டு வருடம் கழித்து, அம்மாவுக்குக் கடற்காற்று நல்லது என்று டாக்டர் சொன்னதால் நாங்கள் வுங் டாவுக்குப் போனோம். படகுத்துறை ஓரமாகக் கருவாட்டுக் கடைகள் வரிசையாக இருந்தன. மூன்றாவது கடையில் அவள் உட்கார்ந்து ஈ ஓட்டிக்கொண்டிருந்தாள். உயரமாகியிருந்தாள். தலையில் கூம்புத் தொப்பி.

நான் அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். நிமிர்ந்து பார்த்தாள். முகம் மாறவில்லை.

"நான்தான்டி. தெரியலயா?" என்றேன்.

"எது வேணும்?" என்று அன்னாமிய மொழியில் கேட்டாள்.

"உங்கிட்ட ஒண்ணு சொல்லணும். அன்னைக்கு நாடகத்துல…"

"இந்தப் பேச்சு எனக்குப் புரியாது" என்றாள், அதே மொழியில். கோபம் இல்லை. வழியில் போகிற யாரிடமும் சொல்வதுபோலச் சொன்னாள்.

எனக்குப் பின்னால் நின்ற அம்மா உச்சுக்கொட்டினார். "ரெண்டே வருசத்துல தமிழச் சுத்தமா மறந்துடுச்சு பாரேன். பாவம் அந்தக் காவக்காரரு, எப்படியெல்லாம் சொல்லிக்குடுத்தாரு. என்ன இருந்தாலும் அதுங்க ரத்தம் அந்தப் பக்கம்தான் இழுக்கும்."

ஈ ஓட்டிக்கொண்டிருந்த கை ஒரு கணம் நின்றது. பிறகு மறுபடி ஓட்ட ஆரம்பித்தது.

அம்மா அதைப் பார்க்கவில்லை. நான் பார்த்தேன். திரும்பி அம்மாவிடம் சொல்லவேண்டியது என்ன என்று எனக்கு அப்போதே தெரியும். பதினொரு வயது எனக்கு, தெரியாமல் இல்லை.

அரைக் கிலோ நெத்திலி வேண்டும் என்று அன்னாமிய மொழியில் கேட்டேன். அவள் நிறுத்து, வாழையிலையில் கட்டி, வாடிக்கைக்காரர்களுக்குக் கொடுப்பதுபோல இரண்டு கையாலும் நீட்டினாள்.